சின்னப்பா வந்த வீடு

1988ஆம் ஆண்டின் கடைசிப் பள்ளி விடுமுறை அது. மலாக்காவின் ஜாசின் வட்டாரத்தில் நாங்கள் இருந்த தோட்டத்தில், எங்கள் லயத்து வரிசைக்கே ஒரு வீட்டில்தான் வீடியோ இருந்தது. சனிக்கிழமை சாயந்திரம் யாராவது ஒருவர் மோட்டார் சைக்கிளில் ஜாசின் பட்டணத்துக்குப் போய் மூன்று கேசட் எடுத்து வருவார். ஆளுக்கு ஐம்பது காசு. முதல் இரண்டும் தமிழ்ப் படம். மூன்றாவது, கடைக்காரர் கைக்கு எது அகப்படுகிறதோ அது. இரண்டாவது படம் முடிவதற்குள் பெரியவர்கள் எழுந்து போய்விடுவார்கள். விடியலில் பெரட்டுக்கு, வேலைக்கு ஆள் எண்ணும் நேரத்துக்கு, எழுந்தே பழகிய உடம்பு, மறுநாள் ஞாயிறானாலும் பதினோரு மணிக்கு மேல் தாங்காது. மூன்றாவது படம் பிள்ளைகளுக்கு.

அன்று வந்தது ஓர் ஆங்கிலப் படம். தொடக்கத்தில் பேச்சே இல்லை. தாடி வைத்த ஒருவன் குளியலறைக் கண்ணாடி முன் நிற்கிறான். முகத்திலும் கையிலும் ரத்தம். நிதானமாகக் குளிக்கிறான், தாடியை மழிக்கிறான், தலைமுடியை வெட்டிக்கொள்கிறான், கோட் மாட்டிக்கொள்கிறான். கண்ணாடியில் இப்போது வேறொரு மனிதன், வங்கி மேலாளரைப் போல. பெட்டியை எடுத்துக்கொண்டு மாடியிலிருந்து இறங்கும்போது கீழே கிடந்த ஒரு பொம்மையை எடுத்து அதற்குரிய இடத்தில் வைக்கிறான். பிறகுதான் கேமரா கூடத்தைக் காட்டுகிறது. அங்கே அவன் குடும்பம் மொத்தமும் செத்துக் கிடக்கிறது. கதவைச் சாத்திவிட்டுச் சீழ்க்கை அடித்தபடி தெருவில் நடந்து போகிறான்.

லோரி ஓட்டுநரின் மகன் மட்டும் படிவம் மூன்றில் இருந்தான். கொஞ்ச நேரம் மொழிபெயர்த்துச் சொன்னான். அப்புறம் யாரும் அவனைக் கேட்கவில்லை. படம் தானாகவே புரிந்தது.

எங்கள் வரிசையின் கடைசி வீட்டுப் பையன் கதவோரம் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தான். எனக்கு இரண்டு வயது இளையவன். படம் முடிந்து எல்லாரும் போன பிறகு என்னிடம் கேட்டான்: "அந்தப் பொண்ணு சொன்னத அவங்கம்மா எப்ப நம்புனாங்க?"

"கடைசியில."

"அடி வாங்குனதுக்கு அப்புறமா?"

ஆமாம் என்றேன். அவன் வேறொன்றும் கேட்கவில்லை. எங்கள் வீட்டு அஞ்சடிக்கு, முன்திண்ணைக்கு, வந்து, அங்கே விரித்திருந்த பாயில் படுத்துக்கொண்டான். அது வழக்கம்தான். வாரத்தில் நான்கைந்து நாள் அவன் படுப்பது எங்கள் அஞ்சடியில். அவன் வீட்டில் அப்போது ஒரு சின்னப்பா இருந்தார்.

அந்தப் படத்தின் பெயர் 'தி ஸ்டெப்ஃபாதர்' என்பதைப் பல வருடம் கழித்துத்தான் தெரிந்துகொண்டேன். 1987இல் ஜோசப் ரூபன் இயக்கி வெளிவந்தது. திரைக்கதை டொனால்ட் வெஸ்ட்லேக். கொலைகாரன் ஜெர்ரி பிளேக்காக நடித்தவர் டெர்ரி ஓக்வின். அதற்குமுன் அதிகம் பேருக்குத் தெரியாத நடிகர். சிறிய முதலீட்டில் எடுத்து, சிறிய அளவில் வெளியிட்டு, அமெரிக்காவில் இருபத்தைந்து லட்சம் டாலர் அளவுக்கே வசூலான படம். பெரிய திரையில் பார்த்தவர்களைவிட வீடியோவில் பார்த்தவர்கள் அதிகம். அப்படித்தான் அது எங்கள் தோட்டம்வரை வந்து சேர்ந்தது.

கதை எளிமையானது. முந்தைய குடும்பத்தைக் கொன்றவன் ஒரு வருடத்தில் இன்னோர் ஊரில் ஒரு விதவையை மணந்து வாழ்கிறான். வீடு விற்கும் தொழில். ஓய்வு நேரத்தில் பறவைகளுக்கு மரக்கூடு செய்கிறான். அக்கம்பக்கத்தில் நல்ல பெயர். அவளுடைய பதினாறு வயது மகள் ஸ்டெஃபனிக்கு மட்டும் அவனிடம் ஏதோ சரியில்லை என்று படுகிறது. வீட்டில் விருந்து நடக்கும் ஒருநாள், கீழ்த்தளப் பட்டறையில் அவன் தனியாக வெறிபிடித்தவன்போல் பிதற்றுவதை அவள் கேட்டுவிடுகிறாள். நிமிர்ந்து அவளைப் பார்த்த அடுத்த நொடி அவன் முகத்தில் சிரிப்பு வந்துவிடுகிறது. எனக்கு இந்தப் படத்தில் மிகவும் பயம் தந்த இடம் அதுதான், கொலைகள்கூட இல்லை. பழைய கொலைகாரனின் படம் கேட்டு அவள் பத்திரிகைக்கு எழுதுகிறாள். வந்த கடிதத்தை அவனே பிரித்து, படத்தை மாற்றி வைத்து உறையை ஒட்டிவிடுகிறான். உறையைத் திறந்து அந்நிய முகத்தைப் பார்த்த பெண், தான்தான் தப்பாக நினைத்துவிட்டோம் போல என்று தன்னையே சந்தேகிக்கத் தொடங்குகிறாள்.

அந்தக் காட்சியை எழுதியவருக்குப் பிள்ளைகளின் மனம் தெரிந்திருக்கிறது. பெரியவர்கள் நம்பாததைப் பொறுத்துக்கொள்ளும் பிள்ளைகூட, தன்னைத் தானே நம்ப முடியாமல் போகும்போது இடிந்துவிடும்.

இந்தக் கதைக்கு வேர் ஓர் உண்மைச் சம்பவம். 1971 நவம்பர் 9 அன்று நியூ ஜெர்சி மாநிலத்தின் வெஸ்ட்ஃபீல்டில் ஜான் லிஸ்ட் என்ற கணக்காளர் தன் தாய், மனைவி, மூன்று பிள்ளைகள் ஐவரையும் சுட்டுக் கொன்றுவிட்டு மறைந்தார். வீட்டு விளக்குகளை எரியவிட்டு, வானொலியை ஓடவிட்டுப் போனார். ஏறத்தாழ ஒரு மாதம் யாருக்கும் தெரியவில்லை. அவர் தேவாலயத்துக்குத் தவறாமல் போகும் மனிதர், ஞாயிறு வகுப்பு நடத்துபவர். வேறு பெயரில் வேறு மாநிலத்தில் வாழ்ந்து, 1985இல் மறுமணமும் செய்துகொண்டார். படம் வெளியானபோது அவர் பிடிபடவில்லை. 1989 மே மாதம் ஃபிராங்க் பெண்டர் என்ற சிற்பி, பதினெட்டு ஆண்டு முதுமையைக் கணித்துச் செய்த தலைச் சிலையை ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சி காட்டியது. ஜூன் 1 அன்று கைது. அதாவது எங்கள் லயத்தில் பிள்ளைகள் அந்தக் கேசட்டைப் பார்த்துக்கொண்டிருந்த இரவில், அந்த நிஜ மனிதர் எங்கோ ஒரு வீட்டில் நல்ல கணவராக வாழ்ந்துகொண்டிருந்தார்.

இதே அச்சத்தை 1955லேயே காட்டிய படம் 'தி நைட் ஆஃப் தி ஹண்டர்'. நடிகர் சார்ல்ஸ் லாட்டன் இயக்கிய ஒரே படம். விரல்களில் பச்சை குத்திய ஒரு போலிப் பிரசங்கியாக ராபர்ட் மிட்சம். தூக்கில் போடப்பட்டவனின் விதவையை, அவன் ஒளித்துவைத்த பணத்துக்காக மணக்கிறான். பணம் இருப்பது சிறுமியின் பொம்மைக்குள். அது தெரிந்தவர்கள் இரண்டு பிள்ளைகள் மட்டுமே. அந்த விதவையை அவனிடம் தள்ளிவிடுவது யார் என்பதைக் கவனிக்க வேண்டும். ஊரில் ஐஸ்கிரீம் கடை நடத்தும் நல்ல மனம் படைத்த தம்பதி. 'ஆம்பிளைத் துணையில்லாமல் பிள்ளைகளை எப்படி வளர்ப்பாய்' என்பதுதான் அவர்கள் பேச்சின் சாரம். அதை நான் ஆங்கிலத்தில் கேட்டபோது எங்கள் லயத்துக் கிழவிகளின் குரல் காதில் ஒலித்தது.

நீலி வந்த சபை

தமிழில் இதற்குக் கதை இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. நமக்குப் பழையனூர் நீலி இருக்கிறாள்.

திருவாலங்காட்டுப் பக்கத்தில் அந்த ஊர் இன்றும் இருக்கிறது. ஒரு வணிகனைப் பழிவாங்கத் தொடரும் பேய், அழகிய பெண்ணாக வருகிறது. கள்ளிக் கட்டையைக் குழந்தையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, ஊர்ச் சபையின் முன் நின்று, 'இவர் என் புருஷன், என்னை விட்டு ஓடப் பார்க்கிறார்' என்று அழுகிறது. வணிகன் கதறுகிறான்: 'இவள் பெண்ணே இல்லை, பேய்.' குழந்தையோ அவனைப் பார்த்து அப்பா என்று கையை நீட்டுகிறது. எழுபது வேளாளர்களும் அவளைத்தான் நம்பினார்கள். அவனைக் காத்துவந்த மந்திரக் கத்தியையும் வாங்கி வைத்துவிட்டு, 'உனக்கு ஏதாவது நேர்ந்தால் எங்கள் எழுபது உயிரும் ஈடு' என்று சொல்லி ஒரே அறையில் இருவரையும் விட்டார்கள். விடிந்தபோது அவன் பிணம். சொன்ன சொல்லுக்காக எழுபது பேரும் தீயில் இறங்கினார்கள். 'நீலிக் கண்ணீர்' என்ற வழக்கு அங்கிருந்து வந்தது. முற்பிறவியில் அவளுக்கு இழைக்கப்பட்ட கொடுமை ஒன்று இருக்கிறது; அவள் பக்கத்து நியாயம் தனி. ஆனால் என்னைத் தூங்கவிடாதது அந்தச் சபைதான். இடுப்பில் ஒரு குழந்தை, கண்ணில் நீர், குடும்பம் என்ற தோற்றம். அது போதுமாயிருந்தது. அலறுகிறவனின் சொல்லை எழுபது நல்லவர்களும் தூக்கி எறிந்தார்கள்.

ஜெர்ரி பிளேக்கும் அந்தத் தோற்றத்தில்தான் வாழ்கிறான். எனக்குத் தெரிந்தவரை இந்த வகைப் படங்கள் எல்லாவற்றுக்கும் உயிர் இந்த ஒரு புள்ளியில் இருக்கிறது. வந்தவர் கெட்டவரா என்பது பத்தாவது நிமிடத்திலேயே தெரிந்துவிடும். வீடு யார் சொல்லை ஏற்கப் போகிறது என்பதுதான் கடைசிவரை இழுக்கும் கயிறு.

இத்தனை இருந்தும் தமிழ்ச் சினிமா ஏன் இந்தக் கதையைத் தொடவில்லை? மொழியிலேயே ஒரு விடை இருக்கிறது. அப்பாவின் இரண்டாம் மனைவிக்கு நம்மிடம் சொற்கள் உண்டு: சித்தி, சின்னம்மா, மாற்றாந்தாய், சிற்றன்னை. 'மாற்றாந்தாய் மனப்பான்மை' என்று அரசியல்வாதி மேடையில் பேசினால் எல்லாருக்கும் புரியும். கைகேயி முதல் துருவனை மடியிலிருந்து இறக்கிவிட்ட சுருசிவரை புராணத்தில் ஆள் உண்டு. அம்மாவின் இரண்டாம் கணவருக்கு என்ன சொல்? 'மாற்றாந்தந்தை' அகராதியில் இருக்கிறது, வாயில் இல்லை. தோட்டத்தில் பிள்ளைகள் 'சின்னப்பா' என்றோ 'சித்தப்பா' என்றோ கூப்பிடும். பெரியவர்கள் முதுகுக்குப் பின்னால் வேறு வார்த்தை சொல்வார்கள். அதை இங்கே எழுத மாட்டேன்.

விதவை மறுமணத்தை ஒப்பாத சமூகத்தின் சினிமா, அம்மாவுக்கு இரண்டாவது ஆண் வருவதைக் காட்டவே கூசியது. கெட்ட சித்திகளோ திரையில் ஏராளம். 1966இல் கே. எஸ். கோபாலகிருஷ்ணன் 'சித்தி' படத்தில் அதைத் திருப்பிப் போட்டார். பத்மினி ஏற்ற வேடம், தம்பியின் படிப்புக்காக வயதானவருக்கு வாழ்க்கைப்பட்டு, அவர் பிள்ளைகளைத் தன் பிள்ளைகளாக ஏற்கும் பெண். 1999இல் ராதிகாவின் 'சித்தி' தொடர் மலேசிய வீடுகளிலும் இரவுச் சமையலின் நேரத்தை மாற்றியது. சித்திக்கு நியாயம் கிடைக்க முப்பது நாற்பது ஆண்டு ஆனது. சின்னப்பாவுக்கு அநியாயமும் எழுதப்படவில்லை, நியாயமும் எழுதப்படவில்லை.

அருகில் வந்த படங்கள் உண்டு. 1978இல் பாரதிராஜாவின் 'சிகப்பு ரோஜாக்கள்': புதுக் கணவனின் தோட்டத்தில் ரோஜாச் செடிகளுக்கு அடியில் என்ன இருக்கிறது என்பதை மனைவி கண்டுபிடிக்கிறாள். அந்தக் கொலைகாரனை அப்படி வளர்த்தவர் அவனைத் தத்தெடுத்த தந்தை. வளர்ப்பு அப்பாவின் கொடூரத்துக்கு இதைவிட நெருக்கமாகத் தமிழ்த் திரை போனதாக எனக்கு நினைவில்லை. 1984இல் மணிவண்ணனின் 'நூறாவது நாள்', ஓர் இத்தாலியப் படத்தின் சாயலில் சிக்கனமாக எடுக்கப்பட்டது. கணவன் மேல் சந்தேகம் விழும் மனைவியாக நளினி. மொட்டைத் தலையும் வட்டக் கண்ணாடியுமாக சத்யராஜ் வந்து நின்றதைப் பார்த்துவிட்டு, எங்கள் லயத்தில் பிள்ளைகள் ஒரு வாரம் தனியாகக் கொல்லைக்குப் போகவில்லை. இரண்டிலும் பயப்படுகிறவள் மனைவி. பிள்ளையின் கண்ணால் பார்த்த படம் இல்லை.

புக்கிட் லிந்தாங்கிலிருந்து

மலாக்காத் தோட்டங்களில் சின்னப்பா என்பவர் அபூர்வப் பிறவி அல்ல. சரித்திரம் அப்படி அமைந்தது.

மலாயாவின் முதல் ரப்பர்த் தோட்டம் மலாக்காவில்தான் உருவானது. 1896இல் டான் சே யான் என்பவர் புக்கிட் லிந்தாங்கில் நாற்பது ஏக்கரில் நட்டார். அடுத்து புக்கிட் ஆசகானில் பெரிய தோட்டம். கங்காணிகள் தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்து ஆள் கொண்டுவந்தார்கள். பெரும்பாலும் ஆண்கள். 1921 கணக்கெடுப்பில் மலாயா இந்தியர்களில் 1,000 ஆண்களுக்கு ஏறத்தாழ 400 பெண்களே இருந்தனர். ஊரில் கட்டிய தாலி இங்கே எந்தப் பதிவேட்டிலும் இல்லை. ஒருவனை விட்டு ஒருவனிடம் போன பெண்களைப் பற்றித் துரைமார்கள் கேவலமாக எழுதி வைத்தார்கள். அதே ஆவணங்களை மறுபடி படித்த வரலாற்றாளர் அருணிமா தத்தா, 2021இல் வந்த தன் நூலில், அடிக்கிறவனை விட்டுப் போகவும் பிழைக்க வழி தேடவும் அந்தப் பெண்கள் எடுத்த முடிவுகளாக அவற்றைக் காட்டுகிறார். எனக்கு அந்த வாசிப்பே சரியாகப் படுகிறது.

அடுத்து ஜப்பான்காரன் காலம். 1943இல் தோட்டம் தோட்டமாக ஆண்களை லாரியில் ஏற்றிச் சயாம்–பர்மா ரயில் பாதை போடக் கொண்டுபோனார்கள். 415 கிலோமீட்டர். ஆயிரம் ஆயிரமாகத் தமிழர்கள் அங்கே மாண்டார்கள். லயங்களில் மிஞ்சியவர்கள் பிள்ளைகளோடு இருந்த பெண்கள். போருக்குப் பிறகு அவர்களில் பலர் இன்னொருவரோடு வாழத் தொடங்கினார்கள்; சாப்பாட்டுக்கும் வேறு வழியில்லை. செத்துப்போனதாக நினைத்திருந்த கணவன் எலும்பும் தோலுமாகத் திரும்பி வந்து, வாசலில் நின்று, உள்ளே வேறொருவர் குரல் கேட்டுத் திரும்பிப் போனான் என்ற கதையைப் பெரியவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். எங்கள் பாட்டி தலைமுறையில் 'இது மூத்தவருக்குப் பிறந்தது, இது இளையவருக்குப் பிறந்தது' என்று பிள்ளைகளை எண்ணிச் சொல்வதில் கூச்சமே இருக்காது. முஸ்லிம் அல்லாதாரின் திருமணத்தைக் கட்டாயம் பதிய வேண்டும் என்ற சட்டம் 1976இல் நிறைவேறி 1982 மார்ச் 1 முதல்தான் நடைமுறைக்கு வந்தது. அதுவரை கோயிலில் மாலை மாற்றியதே கல்யாணம். மாலையும் மாற்றாமல் ஒரு நாள் பெட்டியோடு வந்து சேர்ந்தவர்களும் உண்டு.

அவர்களில் பெரும்பாலோர் நல்லவர்கள். இதை அழுத்திச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இந்த வகைப் படங்கள் அவர்களுக்குச் செய்யும் துரோகம் பெரியது. எங்கள் வரிசையிலேயே ஒருவர் இருந்தார். மனைவியின் முதல் மகனை, மாசி மகத்தன்று சன்னாசிமலைக்குத் தோளில் தூக்கிக்கொண்டே ஏறுவார். பையனுக்குக் கால் சற்று ஊனம். பத்து வயதுவரை தூக்கினார். அவன் கல்யாணப் பத்திரிகையில் தந்தை பெயராக அவர் பெயரையே போட்டான். செத்தபோது கொள்ளியும் அவன்தான் வைத்தான். 'ஸ்டெப்ஃபாதர்' படம் பார்த்த இரவில் இவரும் எங்களோடுதான் இருந்தார், இரண்டாவது படம்வரை. மூன்றாவதுக்கு எழுந்து போனது நல்லதாயிற்று என்று இப்போது நினைக்கிறேன்.

இன்னொரு வகை மனிதர் கடைசி வீட்டில் இருந்தார். லயத்து வீடுகளைத் தெரிந்தவர்களுக்கு ஒன்று தெரியும். வீட்டுக்கும் வீட்டுக்கும் நடுவே உள்ள தடுப்புப் பலகை தகரக் கூரைவரை எட்டாது. மேலே ஒரு முழம் இடைவெளி. முதல் வீட்டில் இருமினால் நான்காம் வீட்டில் கேட்கும். அமெரிக்கப் படத்தில் கொலைகாரனுக்குத் துணை தனித்தனி வீடுகள், புல்வெளி, கீழ்த்தள அறை. எங்கள் லயத்தில் எதுவும் மறைவில்லை. பெல்ட் எடுக்கும் சத்தம்கூட வரிசை முழுக்கக் கேட்கும். காலையில் எல்லாரும் நெற்றி விளக்கைக் கட்டிக்கொண்டு பால் வெட்டப் போவார்கள். அந்தப் பையனின் முதுகை யாரும் பார்க்க மாட்டார்கள். பள்ளியில் அவன் முரடன் என்று பெயர் எடுத்தான். வாத்தியார் அவனை அடித்தார். வீட்டில் சின்னப்பா, பள்ளியில் பிரம்பு. வேலையை மேற்பார்க்கும் தண்டல்கூட ஒருமுறை சொன்னார்: "அந்தாளு நல்ல வேலக்காரன். பய தான் சரியில்ல."

நீலி கதையின் எழுபது பேர் எனக்கு அந்நியர்கள் இல்லை. அவர்களோடு வளர்ந்தேன்.

ஆணி பிடுங்கும் பிள்ளை

மலாய்ப் பேய்ப்படம் எடுத்தவர்களில் நம்மவர்கள் முன்னோடிகள். 1957இல் கேத்தே–கெரிஸ் நிறுவனத்துக்காக 'பொந்தியானாக்' படத்தை இயக்கியவர் இந்தியாவிலிருந்து வந்த பி. என். ராவ். நாயகி மரியா மெனாடோ. வசூல் கொட்டியதால் தொடர்ச்சிகள் வந்தன. 1958இல் 'ஓராங் மிஞ்ஞாக்' எடுத்தவர் எல். கிருஷ்ணன், சென்னையில் பிறந்தவர். ராவின் முதல் 'பொந்தியானாக்' பிரதி இன்று கிடைப்பதில்லை.

மலாய் நாட்டுக் கதைகளில் பொந்தியானாக் என்ற பெண்பேயின் பிடரியில் ஆணி அடித்தால் அழகான பெண்ணாகி விடுவாள். வீடு கூட்டுவாள், சமைப்பாள், பிள்ளை பெறுவாள். ஆணியைப் பிடுங்கினால் பழைய உருவம். சிறுவயதில் இதைக் கேட்டபோது எனக்கு எழுந்த கேள்வி, பிள்ளைக்குத் தெரியுமா என்பது. தினமும் தலை வாரிவிடும் அம்மாவின் கழுத்தில் கைபட்டு, அங்கே ஏதோ இரும்பு உறுத்துகிறது என்று அப்பாவிடம் போய்ச் சொல்லும் பிள்ளையை அப்பா என்ன செய்வார்? இந்த ஒரு காட்சிக்கு என்ன செலவாகும்?

பேய்ப்படத்தின் அழகே அது. 2020இல் திரைக்கு வந்த எமிர் எஸ்வானின் 'ரோ' படத்துக்குச் செலவு 360,000 ரிங்கிட் மட்டும். எடுத்தது குமான் பிக்சர்ஸ், குறைந்த செலவில் திகில் படம் எடுக்கவென்றே அமிர் முகமது தொடங்கிய நிறுவனம். காட்டுக்குள் ஒரு குடிசை, ஒரு தாய், இரண்டு பிள்ளைகள். அப்பா இல்லாத வீடு. வாசலுக்கு அந்நியர்கள் வருகிறார்கள். யாரை உள்ளே விடுவது, யார் சொல்வதை நம்புவது? படம் முழுக்க இவ்வளவுதான். மலேசியா அதை ஆஸ்காருக்கு அனுப்பியது.

தமிழில் எடுக்கவும் ஆள் இருக்கிறது. ஷஞ்சய் குமார் பெருமாளின் 'ஜகாட்', தோட்டத்தை விட்டு வெளியேறிய குடும்பத்தை ஒரு பையனின் கண்ணால் பார்த்த படம், 2016இல் மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படமாகத் தேர்வானது. தேசிய மொழியில் இல்லாத படங்களுக்குத் தனிப் பிரிவு என்ற முடிவைக் கலைஞர்கள் எதிர்த்துக் கிளம்பிய ஆண்டு அது. எதிர்ப்பில் முன்னால் நின்றவர்களில் மலாய்க் கலைஞர்களும் இருந்தார்கள் என்பதை நாம் மறக்கக் கூடாது. 2021இல் 'இருள்: கோஸ்ட் ஹோட்டல்' என்ற தமிழ்த் திகில் படமும் வந்தது. நம் இளைஞர்கள் கேமராவுக்குப் பயப்படும் நிலையில் இல்லை. அவர்களில் பலர் சென்னைப் பேய்ப்படங்களின் பங்களாவையும் வெள்ளைச் சேலையையும் தேடிப் போவதில்தான் எனக்கு வருத்தம்.

ஜாசின் பக்கம் இன்னும் சில தோட்டங்களில் பழைய லயம் நிற்கிறது. அங்கே போய் நில்லுங்கள். இப்போது சுற்றிலும் செம்பனை. ரப்பர்க் காட்டில் வெளிச்சம் இலைகளுக்கு நடுவே விழும். செம்பனையில் பகல் மூன்று மணிக்கே அடியில் இருட்டிவிடும். மட்டை விழும் சத்தம் யாரோ குதித்த மாதிரி இருக்கும். மழை நின்ற பிறகும் தகரக் கூரையில் சொட்டும். ஒரு வீடு, மூன்று மனிதர்கள். புதிதாக வந்தவர் சட்டை மடிப்புக் கலையாமல் கோயிலில் விபூதி பூசிக்கொண்டு நிற்கிறார். கோயில் கமிட்டியில் சேருகிறார். பக்கத்து வீட்டுக் கிழவிக்கு மருந்து வாங்கித் தருகிறார். இரவு, கூரைக்கும் பலகைக்கும் நடுவே உள்ள அந்த ஒரு முழ இடைவெளியைக் கேமரா பார்த்துக்கொண்டிருக்கிறது. சத்தம் மட்டும் அதன் வழியே வருகிறது. பக்கத்து வீடுகளில் விளக்கு ஒவ்வொன்றாக அணைகிறது, கேட்டவர்கள் அணைக்கிறார்கள். இதற்கு கிராபிக்ஸ் தேவையில்லை. நல்ல ஒலிப்பதிவாளர் ஒருவர் வேண்டும்.

லயத்தை விட்டு வந்தவர்கள் இன்று டுரியான் துங்கால், பெம்பான், புக்கிட் கட்டில் பக்கத்துத் தாமான்களில் இருக்கிறார்கள். செங்கல் சுவர், இரும்புக் கம்பிக் கதவு. அங்கே இருமல் பக்கத்து வீட்டுக்குக் கேட்காது. ஜெர்ரி பிளேக்குக்கு ஏற்ற வீடு இப்போதுதான் நமக்குக் கிடைத்திருக்கிறது.

சட்டம் ஒன்றைச் செய்திருக்கிறது. பிள்ளைகளுக்கு எதிரான பாலியல் குற்றங்கள் சட்டம் 2017 ஜூலை 10 முதல் நடப்பில் உள்ளது. அதன்படி சாட்சி சொல்லும் தகுதி பிள்ளைக்கு உண்டு என்று நீதிமன்றம் முதலிலேயே எடுத்துக்கொள்கிறது. வேறு சான்று துணைக்கு இல்லாவிட்டாலும் பிள்ளையின் வாக்குமூலத்தை வைத்தே தண்டிக்க முடியும். நம்பிக்கைக்குரிய உறவில் இருப்பவர் குற்றம் செய்தால் தண்டனை கூடும். அதற்குமுன் சத்தியப் பிரமாணம் இல்லாத பிள்ளையின் சொல் தனித்து நிற்காது. 15999 என்ற எண்ணில் தாலியான் காசே உதவிச் சேவை இருபத்து நான்கு மணி நேரமும் அழைப்பை எடுக்கிறது. பிள்ளை தானே கூப்பிடலாம், பக்கத்து வீட்டாரும் கூப்பிடலாம். எழுபது வேளாளர்களுக்கு அப்படி ஒரு எண் இல்லை. நமக்கு இருக்கிறது.

கடைசி வீட்டுப் பையன் பதினைந்து வயதில் ஜொகூர் பாருவுக்கு வேலைக்குப் போய்விட்டான். அப்புறம் சிங்கப்பூர். இரண்டு பிள்ளைகள். தீபாவளிக்குக் கைப்பேசியில் பேசுவான். இந்தக் கட்டுரை எழுதப்போவதாகச் சொன்னேன். "பேரு போடாத" என்றான். கொஞ்ச நேரம் கழித்து, "அந்தப் பறவைக் கூட்ட கடைசியில அந்தப் பொண்ணு அறுத்துத் தள்ளுவால்ல, அது மட்டும் ஞாபகம் இருக்கு" என்றான்.

போன மாதம் அம்மாவிடம் கேட்டேன். எண்பதை நெருங்குகிறார். எங்கள் அஞ்சடியில் தினமும் பாயும் தலையணையும் போட்டு வைத்தது அவர்தான். பையன் வந்தாலும் வராவிட்டாலும் ராத்திரி எட்டு மணிக்குப் பாய் விரித்திருக்கும். வெளியாள் யாராவது வந்து படுப்பார்கள் என்று அப்படிச் செய்வதாகவே நான் நினைத்திருந்தேன்.

"உனக்குத் தெரியுமாம்மா?"

வெற்றிலையை மடித்துக்கொண்டே இருந்தார்.

"தெரியாம என்ன. பலகைக்கு மேல எல்லாந்தான் கேக்குமே. கேட்டா அவங்கம்மாவயும் சேத்து அடிப்பான்னு வாயத் தொறக்கல. ராத்திரி கதவுக்குத் தாப்பா போட மாட்டேன். மழ பேஞ்சா புள்ள உள்ள வந்துரட்டும்னு."